உன் கதையில் வரும் பேராசிரியரைப் பற்றி

அன்பு மகளுக்கு,

இங்கே எல்லோரும் நல்ல சுகம். நீ அனுப்பிய கதையை வாசித்து முடித்துவிட்டேன். போனில் எழுத்து பொடியாக இருந்தது, தம்பி பரந்தனில் கொடுத்து அச்செடுத்துத் தந்தான். அம்மாவுக்கு உரத்து வாசித்துக் காட்டினேன். போனில் கதைத்தால் பாதியில் வேறு கதைக்குப் போய்விடுவோம், அதனால் எழுதுகிறேன்.

நீ கற்பனை செய்த பேராசிரியரின் கோட்பாடு எனக்கு விளங்கியது. ஓர் ஊரே இறந்தகாலத்தில் பேசுவதை நிறுத்திவிட்டால், நடந்தது நடவாததாகிக் காலம் பின்னால் திரும்பும் என்கிறார். அதைச் சோதிக்க அவர் வந்து இறங்கும் இடம் வன்னி. இந்தச் சனத்தின் பேச்சில் எதிர்காலமே இல்லை, போர் முடிந்த 2009 மே மாதத்திலேயே நின்றுவிட்டார்கள் என்று குறிப்பெழுதுகிறார். கதை நன்றாக ஓடுகிறது. ஆனால் அந்த வரியை என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை.

முதல் அத்தியாயத்தில் வோர்ஃபைக் கொண்டுவந்திருக்கிறாய். தீக்காப்புறுதி நிறுவனமொன்றில் வேலை பார்த்துக்கொண்டே மொழிகளை ஆராய்ந்தவர். அரிசோனாவில் வாழும் ஹோப்பி மக்களின் மொழியில் காலத்தைக் குறிக்கும் சொல்லோ இலக்கண வடிவமோ இல்லை என்று எழுதினார். 1983இல் எக்கெஹார்ட் மலோட்கி என்ற மொழியியலாளர் 600 பக்கத்துக்கு மேற்பட்ட ஒரு நூலில், அந்த மொழியின் காலச் சொற்களையும் வாக்கியங்களையும் திரட்டி அதை மறுத்தார். உன் கதையில் வோர்ஃப் வருகிறார், மலோட்கி வரவில்லை. ஏன் விட்டாய்? சூரியன் எந்த மலைமுகட்டில் உதிக்கிறது என்று பார்த்து நடுகைக்கு நாள் குறித்த மக்களைத்தான், காலம் அறியாதவர்கள் என்று எங்கோ இருந்த படித்தவர்கள் நம்பிக்கொண்டிருந்தார்கள். நம் சனத்துக்கும் அந்தக் கதி வேண்டாம், பிள்ளை.

மொழிக்கு வலிமையே இல்லை என்று நான் சொல்லவில்லை. பவணந்தியார் நன்னூலில் விரைவு, மிகவு, தெளிவு, இயல்பு என்ற நான்கு காரணங்களால் முக்காலமும் ஒன்றுக்கொன்று மாறி வரலாம் என்கிறார். தெளிவுக்கு உரைகாரர் காட்டும் உதாரணத்தை எத்தனையோ வகுப்புகளுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறேன். எறும்பு முட்டையைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு ஏறக் கண்டவன் ‘மழை பெய்தது’ என்பான். போன புரட்டாதிக் கடைசியில் நம் வயலிலேயே அதைப் பார்த்தேன். வரம்படியிலிருந்து எறும்புகள் வெள்ளை முட்டைகளைக் கவ்வியபடி பாலைமரத்து வேருக்கு வரிசையாக ஏறின. வானத்தில் ஒரு முகில் இல்லை. பக்கத்து வயல்காரர் குந்தியிருந்து பார்த்துவிட்டு, “மழை வந்திட்டுது மாஸ்டர், விதைப்பம்” என்றார். அவர் அப்படிச் சொன்னதற்காக மழை முந்தி வரவில்லை, ஐப்பசியில் தன்பாட்டில்தான் வந்தது. ஆனால் அவர் அடுத்த நாளே புழுதியில் விதைத்துவிட்டார். பேச்சு மனுசரை அசைக்கும். அதுவரைக்கும் உன் பேராசிரியரோடு நானும் வருவேன்.

அதற்கு மேலே போவதென்றால் உன் பெரியம்மாவுக்கு அவர் பதில் சொல்ல வேண்டும். காணாமல் போன தன் மகனை, உன் அண்ணாவைப் பற்றி அவ ஒருநாளும் இறந்தகாலத்தில் கதைத்ததில்லை. “அவனுக்குக் கத்தரிக்காய் பிடிக்காது” என்பா. “வருவான்” என்பா. 2017 பெப்ரவரியில் கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் தாய்மார் போராட்டம் தொடங்கியபோது அவவும் படத்தோடு போய் இருந்தவ. மரணச் சான்றிதழ் எடுங்கோ என்று ஆர் சொன்னாலும் எழும்பிப் போய்விடுவா. பேச்சால் காலம் திரும்புமென்றால், அவன் எப்போதோ படலையைத் திறந்துகொண்டு வந்திருப்பான். இராணுவத்திடம் ஒப்படைத்த பிள்ளை எங்கே என்ற கேள்விக்கு இன்னும் ஆரும் பதில் சொல்லவில்லை. பதில் வராமல் ‘இருந்தான்’ என்று தன் வாயால் சொல்ல அவ தயாரில்லை. அதைக் கேட்ட ஒருவர் ‘இவர்களின் இலக்கணம் இப்படி’ என்று குறித்துக்கொண்டு போனால் எனக்கு நெஞ்சு கொதிக்கும்.

எங்கள் காலத்தில் கைவைத்தது எது என்று உன் பேராசிரியர் தேடினால், மணிக்கூட்டைப் பார்க்கட்டும். உனக்கு நினைவிருக்காது. 1996 மே மாதம், வரட்சியால் நீர்மின்சாரம் குறைந்தபோது அரசாங்கம் நேரத்தை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளியது. ஒக்டோபரில் அரை மணித்தியாலத்தைத் திரும்ப எடுத்தது. மிச்ச அரை மணித்தியாலம் 2006 ஏப்ரல் வரை அப்படியே நின்றது. புலிகள் இயக்கத்தின் கட்டுப்பாட்டில் இருந்த வன்னி இதை ஏற்கவில்லை. நாங்கள் அப்போது மல்லாவிப் பக்கம் இடம்பெயர்ந்திருந்தோம். பற்றரிக்குத் தடை, சைக்கிளைக் கவிழ்த்துவைத்து நான் பெடலைச் சுற்ற, டைனமோவில் வானொலி பாடும். கொழும்பில் ஏழு மணிச் செய்தி தொடங்கும்போது, எங்கள் கொட்டிலில் தொங்கிய சாவி மணிக்கூட்டில் ஆறரை. 2002இல் ஏ9 பாதை திறந்தபின் ஓமந்தைச் சோதனைச்சாவடி தாண்டிப் போகிறவர்களிடம் பஸ் நேரம் கேட்டால், “புது நேரமோ பழைய நேரமோ?” என்று திருப்பிக் கேட்பார்கள். கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் ஒரே தமிழ்தான். நேரம் மட்டும் இரண்டு. இரண்டுக்கும் நடுவே கோடு கீறியது துவக்கு, மொழியல்ல.

கோட்பாட்டைக் கதையிலிருந்து எடு என்று நான் கேட்கவில்லை. அவர் நம்பட்டும். ஆனால் அவரை எதிர்த்துக் கதைக்க எங்கள் ஆள் ஒருவரையாவது நிறுத்து. சிறுபோகக் கூட்டத்துக்கு அவரைக் கூட்டிக்கொண்டு போ. இரணைமடுக் குளத்தில் தண்ணி எத்தனை அடி, எத்தனை ஏக்கர் விதைக்கலாம், கடைமடைக்கு எப்போது வாய்க்கால் திறப்பது என்று மத்தியானம் வரைக்கும் சண்டை பிடிப்பார்கள். அவ்வளவும் இனி வரப்போகிற மாதங்களைப் பற்றிய கதை. அதைக் கேட்டபிறகு அவர் என்ன எழுதுவார் என்று அறிய எனக்கு உண்மையாகவே ஆசை.

கூட்டத்தில் ஆர் எப்படிக் கதைப்பார்கள் என்பதை ஞாயிற்றுக்கிழமை போனில் விவரமாகச் சொல்கிறேன். பெரியம்மாவைப் போல ஒருவரைக் கதையில் வைப்பதென்றால் முதலில் அவவிடம் கேள். உன்னோடு கதைப்பா. அம்மா பனங்கட்டியும் ஒடியலும் கட்டி வைத்திருக்கிறா, சித்தப்பா மாசியில் அங்கே வரும்போது கொடுத்துவிடுகிறோம்.

அன்புடன்,
அப்பா