வாய்ச்சொல்லை மாற்றாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

எளிய மனிதர்கள் தாங்களே பேசுவதாக வரும் பத்திகளில் எல்லோருக்கும் ஒரே குரல். பேட்டியின் ஒலிப்பதிவைக் கேட்டு எழுதுபவர் பேச்சைத் 'திருத்தி' விடுவதுதான் காரணம். 1 மணி நேரப் பேச்சை எழுதி எடுக்கவே 4, 5 மணி நேரம் பிடிக்கும். அலுப்பில் சுருக்கத் தோன்றுவது இயல்புதான். கேள்விகளை நீக்கலாம், திரும்பச் சொன்னதைக் குறைக்கலாம். சொல்லை மாற்றக் கூடாது. 'கஷ்டப்பட்டேன்' என்பது 'இன்னல்களை எதிர்கொண்டேன்' ஆனதுமே ஆள் காணாமல் போகிறார்.

கேள்வி கேட்பதிலும் கவனம் வேண்டும். 'வாழ்க்கையைப் பற்றிச் சொல்லுங்கள்' என்றால் பொன்மொழிதான் கிடைக்கும். 'கடையைத் திறந்ததும் கை முதலில் எதைத் தொடும்?' என்று கேட்கலாமே. பதில் முடிந்ததும் அடுத்த கேள்விக்குத் தாவாமல் சற்றுச் சும்மா இருந்தால், பாதி விஷயம் அப்போதுதான் வெளிவரும்.

அச்சேறும் முன் பேசியவருக்கே படித்துக் காட்டுங்கள். அவர் யாரென்று தெரியக் கூடாது என்றால் பெயரை மட்டும் மாற்றினால் போதாது; தெருவும் தொழிலும் காட்டிக்கொடுத்துவிடும்.

இப்படிக்கு,
வாசகர்