என் மற்றக் கையைக் காட்டித் தந்தவர்களுக்கு

2004 மார்கழி 26, ஞாயிற்றுக்கிழமை காலை. மட்டக்களப்பு நாவலடியில் கடல் ஏறியபோது என் இளையவனுக்கு நான்கு வயது. கடலுக்கும் வாவிக்கும் நடுவே ஒடுங்கிய மணல் துண்டு எங்கள் ஊர்; ஓடுவதற்கு இடம் இருக்கவில்லை. என் கையிலிருந்துதான் அவன் போனான்.

திராய்மடுவில் குடியேறிய பிறகும் "சுனாமியில புள்ளயப் பறிகுடுத்தவ" என்பதே என் பெயர். நானும் அதை விடவில்லை. யாராவது தங்கள் கவலையைச் சொல்ல வந்தால், "என்ர கவலைக்கு முன்னால இதெல்லாம் என்ன?" என்று வாயடைத்துவிடுவேன். சீலை கொண்டுவரும் காத்தான்குடி ராத்தாவும் அதே நாளில் தங்கையைப் பறிகொடுத்தவ என்பதைக்கூட இரண்டு வருசமாக நான் கேட்டறியவில்லை. பொறுத்துக்கொண்டு வந்துபோன ராத்தா, உங்களுக்கு என் நன்றி.

பக்கத்து வளவு மாமி ஒருநாளும் "பாவம்" என்று சொன்னதில்லை. பாய் இழைக்கிற பன் புல்லுக் கட்டைக் கொண்டுவந்து போட்டு, "பாய் அரைவாசியில நிக்குது புள்ள, வந்து இழை" என்பா. ஒரு வைகாசியில் கண்ணகி அம்மன் கோயிலில், அம்மனின் கோபத்தைத் தணிக்கும் குளிர்த்தி பாடும்போது, எனக்கு இன்னும் ஆறவில்லையே என்று அவவின் தோளில் அழுதேன். "மதுரைய எரிச்சவ அவ. அவளையே வருசா வருசம் குளிர்த்த வேண்டிக் கிடக்கு. உனக்கு மட்டும் ஒரேயடியா ஆறிடுமா?" என்றா. அன்றுதான், ஆறாததும் என் குற்றமில்லை என்று மனப்பாரம் இறங்கியது.

உளவளத்துணைக்கு வந்த தங்கச்சிக்கு எப்படி நன்றி சொல்வேன்? அந்தக் காலையைப் பற்றி எத்தனை தரம் சொன்னாலும், கை நழுவிய இடத்தில் நிறுத்திவிடுவேன். அவ அவசரப்படுத்தவில்லை. பல மாதம் கேட்டிருந்துவிட்டு, ஒருநாள் மெதுவாகக் கேட்டா: "அக்கா, மற்றக் கையில என்ன இருந்தது?"

மற்றக் கையில் என் மகள் இருந்தாள். தண்ணீர் அடித்துக்கொண்டு போய்த் தென்னையோடு ஒதுக்கியபோதும் அவளுடைய மணிக்கட்டை நான் விடவில்லை. எப்படி மறந்தேன்? ஏழு வயதுப் பிள்ளை வீட்டுக்குள் வளர்ந்துகொண்டிருக்க, நான் போனவனுக்கு மட்டுமே தாயாக இருந்திருக்கிறேன்.

மகள், நீ கோபிக்காமல் தலைவாரி விட்டாய், சோறு போட்டுத் தந்தாய். பிள்ளை செய்யவேண்டிய வேலையா அது? உன்னிடம் நன்றியோடு மன்னிப்பும் கேட்கிறேன். இந்த மார்கழியில் தம்பிக்குப் பூப்போட நாவலடிக்குப் போவேன். இந்தமுறை நீயும் வா. அந்தத் தென்னை இன்னும் நிற்கிறதா என்று இருவருமாகப் பார்ப்போம்.

இப்படிக்கு,
திராய்மடுவிலிருந்து அம்மா