நான்கு கட்டங்களுக்கு இடம் வேண்டும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கோயம்புத்தூரில் அச்சாகி, மேட்டுப்பாளையம் வழியாக மலையேறி வரும் தங்கள் நாளிதழ் கோத்தகிரிக்குக் காலை ஆறரை மணி வாக்கில் வந்து சேர்கிறது. ஐப்பசி, கார்த்திகை மழையில் சாலையில் மண் சரிந்துவிட்டால் நண்பகல்கூட ஆகிவிடும். எப்போது வந்தாலும் பத்தாம் பக்கத்தை முதலில் பிரித்துப் பார்ப்பதே பல்லாண்டுகளாக என் வழக்கம். அந்தப் பக்கத்தின் அடியில் வந்துகொண்டிருந்த சித்திரத் தொடர் 'இடப் பற்றாக்குறை காரணமாக' நிறுத்தப்படுவதாகச் சென்ற மாதம் இரண்டு வரியில் அறிவித்திருந்தீர்கள். அதை இத்தனை காலம் வரைந்தவர் யார் என்பதற்கு அந்த இரண்டு வரியிலும் இடம் போதவில்லை.

முப்பத்தொரு ஆண்டுகள் நீலகிரி மாவட்ட அரசுப் பள்ளிகளில் ஓவிய ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். ஒரு தொடர் நிற்பதும் வேறொன்று வருவதும் இயல்பே. அதற்காக வழக்காட வரவில்லை. தாங்கள் சொன்ன காரணத்தைப் பற்றி மட்டுமே எழுதுகிறேன். உலகில் மிக அதிகமானோர் படித்த செய்தித்தாள் சித்திரத் தொடர்களில் ஒன்று, நாளிதழ்களில் இடம் குறைவு என்பதையே முன்னிட்டு உருவாக்கப்பட்டது. அமெரிக்க ஓவியர் சார்லஸ் ஷுல்ஸ் 50 ஆண்டுகள் வரைந்த 'பீநட்ஸ்' என்ற தொடரைத்தான் சொல்கிறேன்.

அவரை நான் அறிந்ததும் ஒரு தற்செயலே. வேலைக்குச் சேர்ந்த புதிதில், குன்னூரில் ஒரு பழைய தோட்டத்துரை பங்களாவின் சாமான்களை ஏலம் விட்டார்கள். ஓவியப் புத்தகம் ஏதேனும் இருக்கும் என்ற ஆசையில் ஒரு கட்டுப் புத்தகத்தை எட்டு ரூபாய்க்கு எடுத்தேன். பிரித்துப் பார்த்தால் பாதி தேயிலை விவசாயக் கையேடுகள். மீதியில் இராமபாணப் பூச்சி அரித்ததுபோக எஞ்சிய மூன்று சித்திரத் தொடர்த் தொகுப்புகள். உருண்டைத் தலையுடன் சார்லி பிரவுன் என்ற ஒரு சிறுவன், நாய்க்கூண்டின் கூரைமேல் மல்லாந்து படுத்திருக்கும் ஸ்னூப்பி என்ற ஒரு நாய். பின்னணியில் மலையில்லை, மரமில்லை, பல கட்டங்களில் தரைக்கோடுகூட இல்லை. ஒளியும் நிழலும் சரியாக விழவில்லை என்று பிள்ளைகளின் தாள்களில் சிவப்பு மையால் குறித்துக்கொண்டிருந்த எனக்கு, இதை வரைந்தவருக்கு வரையத் தெரியாதோ என்ற ஐயமே முதலில் எழுந்தது. அது தெரியாமையன்று, விலக்கிவைத்தல் என்று புரிய ஓராண்டு ஆயிற்று.

ஷுல்ஸ் 1922 நவம்பர் 26 அன்று மினியாபொலிஸ் நகரில் பிறந்து, அருகிலுள்ள செயின்ட் பால் நகரில் வளர்ந்தவர். தந்தை முடிதிருத்தும் கடை வைத்திருந்தார். தந்தையும் மகனும் ஞாயிற்றுக்கிழமைச் செய்தித்தாள்களின் சித்திரப் பக்கங்களை ஒன்றாகப் படிப்பது அந்த வீட்டின் வழக்கம். (நம் ஊரிலும் செய்தித்தாள் படிக்கப் பழகியவர்களில் பாதிப் பேர் சலூன் பெஞ்சில் பழகியவர்களே என்பதை இங்கே நினைவூட்ட விரும்புகிறேன்.) பள்ளி ஆண்டு மலருக்கு அவர் கொடுத்த படங்களை வெளியிடாமல் விட்டுவிட்டார்கள். ஓவியத்தை அவர் அஞ்சல் வழியில்தான் கற்றார். 1943-ல், இராணுவத்துக்கு அழைக்கப்பட்டிருந்த நேரத்தில், தாயார் புற்றுநோயால் இறந்தார். மகன் அந்தத் துக்கத்தோடு முகாமுக்குத் திரும்பி, பின்னர் ஐரோப்பியப் போர்முனைக்குச் சென்றார். போர் முடிந்து வந்ததும், தாம் பயின்ற அதே அஞ்சல்வழி ஓவியப் பள்ளியில், பிறர் அனுப்பும் பாடங்களைத் திருத்தும் வேலையில் சேர்ந்தார். தாள் திருத்தும் வேலை ஒருவருக்கு எதைக் கற்றுத்தரும் என்பது எனக்குத் தெரியும். ஆயிரம் பேர் தவறாகப் போடும் ஒரு கோட்டைப் பார்த்துப் பார்த்து, எந்தக் கோடு வேண்டாம் என்ற தெளிவு வந்துவிடும்.

1947 முதல் தம் ஊர் நாளிதழான செயின்ட் பால் பயனியர் பிரஸ்ஸில் குழந்தைகளைப் பற்றிய சித்திரங்களை வாரந்தோறும் வரைந்தார். அவை பெண்கள் பகுதியில் வெளியாயின. சித்திரப் பக்கத்துக்கு மாற்றித் தரக் கேட்டார், முடியாது என்றார்கள். ஊதியத்தைக் கொஞ்சம் கூட்டித் தரக் கேட்டார், அதுவும் இல்லை. அப்படியானால் நிறுத்திக்கொள்ளட்டுமா என்று கேட்டார், சரி என்றார்கள். 1950 ஜனவரியோடு அது நின்றது. அந்த ஆசிரியரைக் குறைசொல்வதற்காக இதை எழுதவில்லை. அவருடைய மேசையிலும் இடப் பற்றாக்குறை இருந்திருக்கும்.

அதே ஆண்டு ஷுல்ஸ் தம் படங்களை நியூயார்க்குக்கு எடுத்துச் சென்றார். ஒரே தொடரைப் பல நாளிதழ்களுக்கு விநியோகிக்கும் யுனைடெட் ஃபீச்சர் சிண்டிகேட் அதை ஏற்றுக்கொண்டு, நாளிதழ்களிடம் சொன்ன சிறப்பு அதன் நகைச்சுவை அன்று, அளவு. நான்கு கட்டங்கள், நான்கும் ஒரே அளவு, மற்றத் தொடர்களைவிடச் சிறியவை. பக்கம் அமைப்பவர் விருப்பப்படி கிடைவரிசையாகவும், ஒன்றன்கீழ் ஒன்றாகவும், இரண்டிரண்டாகச் சதுரமாகவும் வைத்துக்கொள்ளலாம். எந்த மூலையில் ஓட்டை விழுந்தாலும் அடைக்கலாம். 'பீநட்ஸ்' என்ற பெயரும் அந்த நிறுவனம் சூட்டியதே. வேர்க்கடலை என்ற அந்தப் பெயர் அவருக்குக் கடைசிவரை பிடிக்கவில்லை. 'கடலை' என்ற சொல்லுக்குத் தமிழ் இளைஞர்கள் கொடுத்திருக்கும் பொருளையும் அறிந்திருந்தால் இன்னும் வருந்தியிருப்பார்.

1950 அக்டோபர் 2 அன்று ஏழு நாளிதழ்களில் தொடங்கிய அந்த முதல் நாள் தொடரைத் தாங்கள் ஒருமுறை பார்க்க வேண்டும். நடைபாதை ஓரத்தில் ஒரு சிறுவனும் சிறுமியும் உட்கார்ந்திருக்கிறார்கள். தொலைவிலிருந்து சார்லி பிரவுன் புன்சிரிப்போடு நடந்து வருகிறான். அதோ நம் சார்லி பிரவுன் வருகிறான் என்கிறான் உட்கார்ந்திருக்கும் சிறுவன். அவன் கடந்து போகும்போதும், போன பிறகும், நல்ல பையன் என்று சொல்லிக்கொண்டே இருக்கிறான். நான்காம் கட்டத்தில், எனக்கு அவனைக் கண்டாலே ஆகாது என்கிறான். அவ்வளவுதான். குழந்தைகளை நாம் எப்போதும் களங்கமற்றவர்களாக எழுதி வைத்திருக்கிறோம். வகுப்பறையில் ஒரு மாதம் நின்றவருக்கு அது பாதி உண்மை என்று தெரியும். மறுபாதியைச் சொல்ல அவருக்கு உள்ளங்கை அகல இடம் போதுமானதாக இருந்தது. தம் தொடருக்குத் தந்த இடம் சிறிது என்ற வருத்தம் அவருக்கும் இருந்தது. ஆனால் அந்தச் சிறுமையே பின்னணியை நீக்க வைத்தது, வசனத்தைச் சுருக்க வைத்தது, புருவத்தின் ஒரு சிறு வளைவில் ஒரு முழு அவமானத்தைச் சொல்ல வைத்தது.

தமிழில் தாங்களும் ஆசிரியர், நானும் ஆசிரியர் என்பதால், ஓர் ஆசிரியரின் கடிதம் என்ன செய்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். 1968 ஏப்ரல் 4 அன்று, அமெரிக்கக் கறுப்பின மக்களின் உரிமைக்காகப் போராடிய மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்டார். பதினொரு நாள் கழித்து, லாஸ் ஏஞ்சலீஸ் பகுதியில் ஆசிரியையாக இருந்த ஹாரியட் கிளிக்மன், கறுப்பினக் குழந்தை ஒன்றையும் தொடரில் சேர்க்கலாமே என்று ஷுல்ஸுக்கு எழுதினார். தமக்கும் விருப்பம்தான், ஆனால் அது கறுப்பினத்தாருக்குச் சலுகை காட்டுவதுபோல் தோன்றிவிடுமோ என்று அஞ்சுவதாக அவர் பதில் எழுதினார். அந்த ஆசிரியை விடவில்லை; தம் கறுப்பின நண்பர்களின் கருத்தைக் கேட்டு அவர்களையும் எழுதச் செய்தார். ஜூலை 31 அன்று, கடற்கரையில் சார்லி பிரவுன் தொலைத்த பந்தை எடுத்துக்கொண்டு வந்து கொடுக்கும் ஃபிராங்க்ளின் என்ற சிறுவன் தொடரில் தோன்றினான். அறிவிப்பில்லை, உரையில்லை, பந்தைக் கொடுத்தான், இருவரும் மணலில் கோட்டை கட்டினார்கள். பள்ளியில் எல்லாரோடும் அவனை ஒன்றாகக் காட்ட வேண்டாம் என்று அமெரிக்கத் தென்மாநிலப் பத்திரிகை ஆசிரியர் ஒருவர் எழுதியபோது, ஷுல்ஸ் அதைப் பொருட்படுத்தவே இல்லை.

புகழைப் பற்றி அதிகம் சொல்லத் தேவையில்லை. 1969 மே மாதம் நிலவைச் சுற்றிவந்த அப்போலோ 10 கலங்களுக்குச் சார்லி பிரவுன், ஸ்னூப்பி என்றே அழைப்புப் பெயர் வைத்தார்கள்; இறுதிக் காலத்தில் தொடர் ஏறத்தாழ 2,600 நாளிதழ்களில், 75 நாடுகளில் வெளிவந்தது. பொம்மையும் பனியனும் விற்றுக் கோடீசுவரர் ஆனவர் என்று அவரைச் சுருக்கிச் சொல்பவர்களும் உண்டு. எனக்கு முக்கியமாகப் படுவது வேறொரு கணக்கு: 17,897 நாள்களுக்கான சித்திரங்கள். கோடும் எழுத்தும் மையும் அனைத்தும் அவர் கை. உதவியாளர் இல்லை. ஐம்பது ஆண்டில் ஒரே ஒருமுறை, 1997-ல், ஐந்து வாரம் விடுப்பு எடுத்தார்.

கைவேலை என்றால் என்ன என்று மை தொட்டு எழுதும் பேனாவைப் பிடித்தவர்களுக்கே தெரியும். கோத்தகிரியில் பனிமூட்டம் இறங்கும் நாட்களில் கார்ட்ரிட்ஜ் தாள் ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும். நிப்பை வைத்த இடத்தில் மை வேர்விட்டுப் பரவும். லோயர், ஹையர் என்னும் அரசு ஓவியத் தேர்வுகளுக்குப் பிள்ளைகளைத் தயார்செய்யும்போது தாள்களைக் கணப்புச் சட்டிக்கு அருகில் காயவைத்துத்தான் கொடுப்பேன். நிப் ஒருவர் கைக்குப் பழகிவிட்டால் அதை மாற்றவும் மனம் வராது. ஷுல்ஸ் பயன்படுத்தியது எஸ்டர்புரூக் 914 என்ற நிப். அந்த நிறுவனம் மூடப்படுகிறது என்று தெரிந்ததும் கைவசம் இருந்த சரக்கை எல்லாம் வாங்கி வைத்துக்கொண்டார். 1981-ல் இதய அறுவைச் சிகிச்சை நடந்தது. அதன்பின் வந்த ஆண்டுகளில் கை நடுக்கம் கூடியது. பிற்காலத் தொடர்களைக் கூர்ந்து பார்த்தால் கோடு அலையலையாக நடுங்குவது தெரியும். அதை மறைக்க அவர் வேறொரு கையை அமர்த்தவில்லை. என் கையும் இப்போது நடுங்குகிறது. இக்கடிதத்தையே பேத்தி தட்டச்சு செய்து தந்தாள். ஆகவே அந்தக் கோடுகளை நான் முன்பைவிட நிதானமாகப் பார்க்கிறேன்.

1999 இறுதியில் பெருங்குடல் புற்றுநோய் கண்டறியப்பட்டதும் ஓய்வை அறிவித்தார். 2000 பிப்ரவரி 12 இரவு கலிஃபோர்னியாவின் சாண்டா ரோசாவில் காலமானார். அவருடைய கடைசி ஞாயிற்றுக்கிழமைத் தொடரும், அதிலிருந்த விடைபெறும் கடிதமும் பொழுது விடிந்ததும் வாசகர் கைக்குப் போய்ச் சேர்ந்தன.

ஆசிரியர் அவர்களே, வெளிநாட்டுத் தொடர் ஒன்று நம் நாளிதழுக்கு மலிவாகக் கிடைப்பதன் காரணத்தை நான் அறிவேன். அதன் செலவை நூற்றுக்கணக்கான நாளிதழ்கள் பகிர்ந்துகொள்கின்றன. தமிழில் வரைபவருக்கான கூலியை ஒரே நாளிதழ் முழுதாகச் சுமக்க வேண்டும். உண்மையான சிக்கல் இதுதான் என்றால் அதையே எழுதியிருக்கலாம், வாசகர்கள் புரிந்துகொண்டிருப்போம். இடமில்லை என்பதை மட்டும் ஏற்க இயலவில்லை. 'கன்னித்தீவு போல நீள்கிறது' என்பது தமிழில் ஒரு வழக்காகவே ஆகிவிட்டதென்றால், நாள்தோறும் மூன்று விரல் உயரத்துக்கு ஓடிய ஒரு தொடரால்தான் ஆயிற்று.

என் பழைய மாணவி ஒருவர், எஸ்டேட் லைன் வீட்டில் வளர்ந்தவர், இப்போது கோத்தகிரி கடைவீதியில் ஒரு ஜெராக்ஸ் கடையில் டி.டி.பி. வேலை பார்க்கிறார். பள்ளி ஆண்டு மலருக்கு அவர் கொடுத்த கரடிப் படத்தை, கரடி சாக்குமூட்டை போல இருக்கிறது என்று சொல்லித் திருப்பிக் கொடுத்தவன் நான்தான். அந்தச் சாக்குமூட்டைக் கரடியை அவர் இன்னும் விடவில்லை. எண்ணெய் தேடி ஊருக்குள் வரும் அது, நியாயவிலைக் கடை வரிசையில் நிற்கிறது. கைரேகைக் கருவியில் பாதத்தை வைக்கிறது. பச்சை விளக்கு எரிகிறது. நான்காம் கட்டத்தில், அதற்குப் பின்னால் நிற்கும் கொழுந்து பறிக்கும் பாட்டி விரலை வைக்கிறார். தேய்ந்த ரேகை பதியவில்லை. கரடி தலையைத் திருப்பிப் பார்க்கிறது.

அந்தத் தாளை இத்துடன் இணைத்துள்ளேன். எட்டு அங்குல நீளம், இரண்டரை அங்குல உயரம். பத்தாம் பக்கத்தில், ராசிபலனுக்குக் கீழே, கடந்த மூன்று வாரங்களாகத் தங்கள் நாளிதழின் சந்தா விளம்பரமே திரும்பத் திரும்ப வரும் இடத்தை அளவுகோல் வைத்து அளந்து வெட்டியது.

இப்படிக்கு,
தங்கள் நாளிதழின் நெடுநாள் வாசகர்,
ஓய்வுபெற்ற ஓவிய ஆசிரியர்,
கோத்தகிரி, நீலகிரி மாவட்டம்.