சிரசு அன்னைக்கு நீ வந்துடு

டேய் மாப்ள, எப்படிடா இருக்க, வீட்ல தங்கச்சி, பசங்க எல்லாம் சௌக்கியம் தான? போன்ல சொல்லலாம்னு எடுத்தேன், தொண்டை அடைச்சிக்கிச்சு, அதான் எழுதறேன்.

வைகாசி 1 நம்ம குடியாத்தம் கெங்கையம்மன் சிரசு திருவிழா அன்னைக்கு நம்ம பாட்டுக் கச்சேரி செட்டு கடைசியா மேடை ஏறுது. டோலக் அண்ணன் வீட்ல எல்லாரும் உக்காந்து பேசி முடிவு பண்ணிட்டோம், அண்ணனுக்கு விரல் மடங்கல, புல்லாங்குழல்காரருக்கு மூச்சு பத்தல, புக் பண்ண வர்றவங்களும் பெண்டிரைவ்ல ரெக்கார்டு பண்ண மியூசிக் டிராக் இருக்கு, பாட ரெண்டு பேர் மட்டும் அனுப்புங்கன்றாங்க. பதினாலு பேர் ஒரே வேன்ல பொட்டி படுக்கையோட ஆம்பூர், பேரணாம்பட்டுன்னு சுத்துனோமே, ராத்திரி ரெண்டு மணிக்கும் ஒன்ஸ்மோர் கேப்பாங்களே, இப்ப பத்து மணிக்கு ஸ்பீக்கரை நிறுத்தியாகணும். டிராக் போட்டு பாடறவங்க மேல எனக்கு கோவம் இல்லடா, ஆனா பாடறவன் மூச்சு வாங்கினா தபேலா கூட ஒரு நொடி காத்து நிக்குமே, அது டிராக்ல எங்க வரும்?

ஆம்பூர் பஸ் ஸ்டாண்டுல டீ குடிச்சிகினே நீ அந்த ஆஸ்திரியா இசையமைப்பாளர் ஹைடன் கதை சொன்ன ஞாபகம் இருக்கா? 1772ல எஸ்டர்ஹாசா அரண்மனைல, இளவரசர் ஊருக்கே அனுப்பாம வெச்சிருக்காருன்னு வாத்தியக்காரங்க பொண்டாட்டி புள்ளைங்கள நெனச்சி ஏங்கிப் போக, அதை அவருக்கு உணர்த்த ஹைடன் எழுதின 45வது சிம்பொனி கடைசில ஒவ்வொருத்தரா மெழுகுவத்திய அணைச்சிட்டு எழுந்து போவாங்க, ரெண்டு வயலின் மட்டும் மிச்சம் இருக்கும்னு. அவங்களுக்கு வீட்டுக்குப் போக ஆசை. நம்மள்ல யாருக்கும் எழுந்திருக்கவே மனசு வரலடா. நேத்து ரிகர்சல்ல கடைசி பாட்டு முடிஞ்சும் ஒருத்தரும் ஒயரை கழட்டல, கீபோர்டு தம்பி ரெண்டு மூணு கட்டையை சேத்து அமுக்கி ஒரே கார்டை புடிச்சிகினு இருந்தான், அண்ணன் அந்த வீங்கின விரலாலயே மெதுவா தட்டினாரு, குழல் சேந்துச்சு, கால் மணி நேரம் அப்படியே போச்சு, என்ன பாட்டுன்னு கேட்டா எனக்கு சொல்லத் தெரியாது.

அதுல வயலின் வர்ற இடம் மட்டும் காலியா இருந்துச்சு.

நீ விட்டுட்டுப் போன பெட்டி என் பீரோ மேல தான் இருக்கு, வில்லு நல்லா இருக்கு, E தந்தி மட்டும் அறுந்திருக்கு, பெங்களூர்ல புது செட்டு வாங்கினு வா. ரெண்டு நாள் முன்னாடியே கெளம்பு. குடியாத்தம் ஸ்டேஷன்ல எறங்கி ஆட்டோ தேடாத, நான் பைக்ல வந்து நிப்பேன்.