கன்று நட்டபின் யார் பொறுப்பு?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். என் மகள் படிக்கும் பள்ளியின் பின்புறம் கட்டட இடிபாடுகளும் உடைந்த பெஞ்சுகளும் நெடுங்காலமாகக் குவிந்து கிடந்தன. மாணவர்களே முன்வந்து அந்த இடத்தைத் துப்புரவாக்கி, வேம்பும் புங்கனும் நட்டார்கள். கன்று நடும் விழாவுக்குப் பெற்றோர் பலரும் வந்திருந்தோம். ஆனால் அடுத்த கோடை விடுமுறை முடிந்து பள்ளி திறந்தபோது, பெரும்பாலான கன்றுகள் பட்டுப்போயிருந்தன.

பிள்ளைகள் சோர்ந்து போகாமல், காய்ந்த கன்று ஒன்றைத் தோண்டி எடுத்துப் பார்த்தார்கள். வேர்கள் நாற்றுப் பையின் உருவத்திலேயே கயிறுபோலச் சுருண்டிருந்தன. சுற்றியிருந்த மண்ணுக்குள் ஒரு விரற்கடை அளவுகூட இறங்கவில்லை. பல்லாண்டு மிதிபட்டு இறுகிய தரையில், சிமென்ட் கட்டிகளுக்கு நடுவே, சாண் ஆழக் குழியில் வைத்த கன்று வேறெப்படி இருக்கும்? மறுமுறை இரண்டடி அகலமும் ஆழமுமாகக் குழி வெட்டி, இடிபாடுகளைப் பொறுக்கி நீக்கி, மக்கிய உரத்தை மண்ணோடு கலந்து, பையைக் கிழித்துச் சுருண்ட வேர்களை மெல்லப் பிரித்துவிட்டு நட்டார்கள். முன்பு தீயிட்டு எரித்துவந்த சருகுகள் இப்போது கன்றைச் சுற்றி மண்ணைப் போர்த்தும் மூடாக்காகி ஈரத்தைக் காக்கின்றன. தினமும் மேலாகத் தெளிப்பதைவிட, சற்று இடைவெளி விட்டு ஆழ நனையும்படி ஊற்றினால்தான் வேர் கீழே இறங்கும் என்பதையும் பட்டறிந்து கொண்டார்கள்.

இவ்வளவு கற்றுக்கொண்ட பிள்ளைகளால் செய்ய முடியாத ஒன்று, விடுமுறையில் பூட்டிய வாயிற்கதவைத் திறப்பது. அது பெரியவர்களின் கையில் இருக்கிறது. ஆகவே, கன்று நடும் ஒவ்வொரு பள்ளியும், குறைந்தது முதல் இரண்டு கோடைகளுக்காவது, விடுமுறையில் யார் தண்ணீர் ஊற்றுவது, தண்ணீர் எங்கிருந்து வரும், கதவை யார் திறந்துவிடுவது என்பவற்றை நடும் நாளிலேயே முடிவுசெய்து எழுதி வைக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். பள்ளி வளாகத்துக்குச் சிமென்ட் தளம் போடுவோர், அடிமரம் வரை பூசி மூடிவிடாமல், வேருக்கு நீரும் காற்றும் இறங்கப் போதிய மண்பரப்பைத் திறந்து விட வேண்டும்.

எங்கள் பிள்ளைகளின் பள்ளியில் இந்த ஆண்டு பெற்றோர் சிலர் முறை வைத்துக்கொண்டு, விடுமுறை நாட்களில் மாணவர்களுடன் சென்று தண்ணீர் ஊற்றப் பள்ளி நிர்வாகம் இசைந்திருக்கிறது. என் முறை செவ்வாய்க்கிழமை.

இப்படிக்கு,
ஒரு மாணவியின் தந்தை