ராயபுரம் ஸ்டேஷனைப் படம் எடுக்க வருகிறவர்களுக்கு ஒரு மடல்

ஞாயிற்றுக்கிழமை காலையில் கேமராவும் தண்ணீர் பாட்டிலுமாக வந்து இறங்குகிற ஹெரிடேஜ் வாக் நண்பர்களுக்கு வணக்கம். உங்களுக்கு என்னைத் தெரியாது, ஆனால் உங்களில் யாராவது ஒருவருடைய படத்தில் நான் ஓரமாக இருப்பேன். சாப்பாட்டுப் பையை மடியில் வைத்துக்கொண்டு வண்டிக்குக் காத்திருக்கிற ஆள். போன மாதம் ஒருவர் மிகவும் மரியாதையாக, "சார், ஒரு நிமிஷம் தள்ளி நிக்கிறீங்களா, ஃபிரேம்ல வர்றீங்க" என்றார். தள்ளி நின்றேன். கோபம் எல்லாம் இல்லை, ஆனால் அன்றிலிருந்து இதை எழுத வேண்டும் என்று மனதில் ஓடிக்கொண்டே இருந்தது.

நீங்கள் சொல்கிற கதை எனக்கும் தெரியும். 1856 ஜூன் 28, கவர்னர் ஹாரிஸ் பிரபு, தென்னிந்தியாவின் முதல் ரயில், ஜூலை 1 முதல் பொதுமக்களுக்கு. பம்பாயிலிருந்து தாணாவுக்கு 1853-லும் ஹௌராவிலிருந்து ஹூக்ளிக்கு 1854-லும் வண்டி ஓடிவிட்டது என்றாலும், அந்த இரண்டு இடத்திலும் அன்றிருந்த ஸ்டேஷன் கட்டடம் இன்று இல்லை, அதனால் நாட்டில் மிஞ்சியிருப்பதிலேயே பழைய ஸ்டேஷன் கட்டடம் எங்களுடையதுதான். சரி, பெருமைதான். தூண்களும் அழகுதான். ஆனால் உங்கள் பதிவுகளைப் படிக்கிறவர்கள் ஏதோ பாழடைந்த அரண்மனை போல நினைத்துக்கொள்கிறார்கள். என் மைத்துனர் மதுரையிலிருந்து போன் செய்து, "அங்கே இன்னுமா ரயில் நிக்குது?" என்று கேட்டார். நிற்கிறது மாமா, அதில்தான் தினமும் வேலைக்குப் போகிறேன் என்றேன்.

அந்த முதல் நாளைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். எல்லோரும் எழுதுவது கவர்னரை ஏற்றிக்கொண்டு ஆற்காட்டுக்குப் போன வண்டியைப் பற்றி. ஆற்காடு என்று பெயரே தவிர, ஸ்டேஷன் இருந்த இடம் இன்றைய வாலாஜா ரோடு. அதே நாள் இன்னொரு வண்டியும் இங்கிருந்து கிளம்பியது, திருவள்ளூர் வரைக்கும். அதை யாரும் அதிகம் கண்டுகொள்வதில்லை. எனக்கு அந்த இரண்டாவது வண்டியைத்தான் பிடிக்கும், ஏனென்றால் அது இன்னும் ஓடுகிறது. சென்னை பீச் ஸ்டேஷனிலிருந்து கிளம்பி ராயபுரம், வண்ணாரப்பேட்டை, வியாசர்பாடி ஜீவா, பெரம்பூர், வில்லிவாக்கம், அம்பத்தூர், ஆவடி என்று நின்று நின்று திருவள்ளூருக்குப் போகிற யூனிட் வண்டி, அதாவது மின்சார லோக்கல், அந்தப் பழைய வழியில்தான் போகிறது. நீராவி போய் மின்சாரம் வந்துவிட்டது, பழைய ரயில்வே கம்பெனி போய் 1951-ல் தெற்கு ரயில்வே வந்துவிட்டது, வழி அப்படியே இருக்கிறது. இதைவிடப் பெரிய பாரம்பரியத்தை அந்தத் தூண்களில் நான் பார்க்கவில்லை. நீங்கள் அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு செல்பி எடுக்கிறீர்கள், அதுதான் வேடிக்கை.

எங்கள் ஸ்டேஷன் எப்படி ஓரமாகப் போனது என்பதும் தெரிந்ததுதான். பக்கத்தில் ஜார்ஜ் டவுன் வியாபாரம், அந்தப் பக்கம் கடல், அதனால்தான் ரயில்வே கம்பெனிக்காரர்கள் முதலில் இங்கே வந்தார்கள். 1873-ல் சென்ட்ரல் வந்தது, கொஞ்சம் கொஞ்சமாகத் தூர வண்டிகள் எல்லாம் அங்கே போய்விட்டன. எங்களுக்கு மிஞ்சியது சரக்கும் லோக்கலும். அந்த லோக்கலிலும் ஒரு சிக்கல் உண்டு, வெளியூர்க்காரர்களுக்கு இது புரியாது: கும்மிடிப்பூண்டி பக்கம் போகிற வண்டிகளில் பெரும்பாலானவை சென்ட்ரலை ஒட்டியிருக்கிற லோக்கல் ஸ்டேஷனான மூர் மார்க்கெட்டிலிருந்து கிளம்பி, பேசின் பிரிட்ஜ் வழியாகக் கொருக்குப்பேட்டைக்குப் போய்விடும். ராயபுரத்தைத் தொடவே தொடாது. பீச்சிலிருந்து கிளம்புகிறவை மட்டும்தான் எங்கள் வண்டிகள். ஆகவே ஒன்றை விட்டால் அடுத்ததுக்குப் பேப்பரை முதலிலிருந்து கடைசிவரை படித்து, ராசிபலனும் பார்த்து முடித்துவிடலாம்.

அப்புறம் 2021 பிப்ரவரியில் மெட்ரோ வண்ணாரப்பேட்டையிலிருந்து விம்கோ நகர் வரை நீண்டது. நல்ல விஷயம், நானே மழை நாளில் அதில் போகிறேன். ஆனால் ஏசி வண்டி சில நிமிடத்துக்கு ஒன்று வரும்போது, காசு கொஞ்சம் கூடினாலும் பரவாயில்லை என்று நினைப்பவர்கள் அங்கே போய்விட்டார்கள். இங்கே மிஞ்சியிருப்பது அந்தக் காசைக் கணக்குப் பார்க்க வேண்டியவர்கள். லோக்கலில் குறைந்தபட்ச டிக்கெட் ஐந்து ரூபாய், சீசன் எடுத்தால் ஒரு நாளைக்கு அதைவிடவும் குறைவு. காசிமேட்டில் ஏலம் எடுத்த மீனைக் கூடையில் தூக்கிக்கொண்டு வெண்டர் பெட்டியில் ஏறுகிற அம்மாக்கள், ஸ்டான்லி ஆஸ்பத்திரியில் சீட்டுப் போட விடியற்காலையில் வந்து இறங்குகிறவர்கள், அம்பத்தூர் எஸ்டேட்டில் முதல் ஷிப்டுக்கு ஓடுகிற பையன்கள். இவர்களில் யாரும் பாரம்பரியக் கட்டடத்தைப் பற்றி மனு எழுத மாட்டார்கள். நேரமில்லை.

உங்களுக்கு நேரம் இருக்கிறது, எழுதவும் வருகிறது, உங்கள் மனுவை மேலே இருப்பவர்கள் படிக்கவும் செய்கிறார்கள். அந்தக் கட்டடம் பாழாகிக் கிடந்த காலத்தில் கத்தியவர்கள் உங்களைப் போன்றவர்கள்தான், 2005-ல் அதைப் புதுப்பித்து, அப்போதைய ரயில்வே அமைச்சர் லாலு பிரசாத் வந்து திறந்து வைத்தார். அதை நான் மறக்கவில்லை. அதனால்தான் உங்களிடம் கேட்கிறேன்.

அருங்காட்சியகம் வேண்டும் என்று கேட்கிறீர்கள், கேளுங்கள். இங்கே ஒரு முனையம் வேண்டும் என்று பல வருடமாகப் பேச்சு. சென்ட்ரல், எக்மோருக்கு அடுத்த மூன்றாவது முனையம் தாம்பரத்துக்குப் போய்விட்டது, இப்போது பெரம்பூர் பெயர் அடிபடுகிறது. உண்மையைச் சொன்னால், எக்ஸ்பிரஸ் எங்கிருந்து கிளம்புகிறது என்பதில் எனக்குப் பெரிய அக்கறை இல்லை, வருடத்துக்கு இரண்டு தடவை ஊருக்குப் போகிறவனுக்கு எக்மோரானாலும் தாம்பரமானாலும் ஒன்றுதான். தினமும் போய் வருகிறவனுக்கு வேண்டியது வேறு. காலையிலும் மாலையிலும் பீச்சிலிருந்து வடக்கே போக இன்னும் நாலு வண்டி. அந்த ஒரு வரியை உங்கள் அடுத்த மனுவில் தூண்களுக்குக் கீழே சேர்த்துவிடுங்கள். ஆள் ஏறுகிற ஸ்டேஷனை மூடச் சொல்லவோ இடிக்கச் சொல்லவோ யாருக்கும் எளிதில் வாய் வராது. ஆள் ஏறாத ஸ்டேஷனில் கட்டடம் எவ்வளவு அழகாக இருந்தாலும் பூட்டுப் போட்டு வைப்பார்கள், நீங்கள் கம்பிக்கு வெளியே நின்றுதான் படம் எடுக்க வேண்டியிருக்கும்.

இன்னொரு வேண்டுகோள், இது சின்னது. அடுத்த தடவை காரில் வராதீர்கள். பீச் வரைக்கும் எப்படியாவது வந்துவிட்டு, அங்கிருந்து ஒரு ஸ்டேஷன் லோக்கலில் வாருங்கள். வண்டி ராயபுரத்துக்குள் நுழையும்போது கட்டடம் எப்படித் தெரிகிறது என்று பார்த்திருக்கிறீர்களா? அதைக் கட்டியவர்கள் அப்படிப் பார்ப்பதற்காகத்தான் கட்டினார்கள்.

ஜூலை 1-ஆம் தேதி வழக்கம்போலக் கூட்டமாக வருவீர்கள், தெரியும். இந்த முறை கேக் வெட்டி முடித்ததும் திருவள்ளூர் டிக்கெட் எடுங்கள், ஒரு காபி விலைதான். ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேலே ஆகும். வழியில் பெரம்பூர் கேரேஜ் ஒர்க்ஸ் வரும், அதுவும் 1856-ல் தொடங்கியதுதான், அதற்கு யாரும் கேக் வெட்டுவதில்லை. திருவள்ளூரில் இறங்கி டீ குடித்துவிட்டு, கோயிலுக்குப் போகிறவர்கள் வீரராகவரைப் பார்த்துவிட்டு, அடுத்த வண்டியில் திரும்பிவிடலாம். திரும்பும்போது ஒன்றைக் கவனியுங்கள், மூர் மார்க்கெட் வண்டியில் ஏறிவிடாதீர்கள், அது ராயபுரம் வராது. பீச் வண்டியா என்று கேட்டுவிட்டு ஏறுங்கள்.

நான் அன்றைக்கும் ஓரமாகத்தான் உட்கார்ந்திருப்பேன். ஃபிரேமில் இருந்துவிட்டுப் போகிறேனே.

இப்படிக்கு,
ராயபுரத்தில் சீசன் டிக்கெட் வைத்திருக்கும் ஒருவன்