‘புதிது’ என்று எழுதிவிட்டீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

பெங்களூரு கலைஞர் புஷ்பமாலாவைப் பற்றி ஞாயிறு மலரில் வந்த கட்டுரையில், “ஒரே ஆள் பல பாத்திரங்களாக மாறி நிற்பது தமிழுக்குப் புதிது” என்று ஒரு வரி. அந்த அம்மையார்மேல் குறையில்லை. புகைப்படக் கலைஞர் கிளேர் ஆர்னியோடு சேர்ந்து 2000 முதல் 2004 வரை, ரவிவர்மாவின் லட்சுமி உட்பட எத்தனையோ பெண்களாகத் தாமே வேடமிட்டுப் படத்துக்கு நின்றவர். ‘புதிது’ என்று எழுதிய கைதான் எங்கள் நெல்லைப் பக்கத்துக் கோயில் கொடை விழா ஒன்றுக்கும் வந்ததில்லை போலும்.

அந்தக் கொடைகளில் சுடலைமாடன் கதையைப் பாடி ஆடும் கணியான் கூத்தைத் தாங்கள் அறியாதவரல்ல. கதையைப் பாடி நடத்தும் அண்ணாவி, பின்பாட்டு, மகுடம் என்னும் தோற்கருவி இரண்டு, ஜால்ரா, பெண்வேடமிட்டு ஆடும் ஆண்கள் இருவர். அண்ணாவிக்கு வேடமே கிடையாது. முந்தி ஏந்தி விளக்குச் சுடரை வாங்கும் பார்வதியும் அவர்தான், பிறந்த சுடலையும் அவர்தான். கதையில் வரும் மந்திரவாதி காளிப்புலையனாக மிரட்டிவிட்டு அவன் மகளாக அழுவதும் அவரே. மாறுவது குரல் மட்டும், அதுவும் பாட்டிலிருந்து வசனத்துக்கு இறங்குகிற இடத்தில். பின்பாட்டுக்காரர் ஒரு மூச்சு பிந்தினால் போச்சு, பேசுவது யாரென்று கூட்டத்துக்குப் பிடிபடாது. மகுடத்தில் ஒன்று உச்சம், மற்றது மந்தம். பின்னிரவுப் பனியில் தோல் ஈரம் வாங்கித் தொய்ந்தால் உச்சமும் மந்தமாகிவிடும். அதனால்தான் பக்கத்திலேயே தீ. அதிலும் பதம் உண்டு. கூடுதலாகக் காட்டினால் தோல் இறுகி, அடி விழுந்ததும் கிழியும்.

அதே மலரின் கடைசிப் பக்கத்தில், அழகுக்காகப் போட்ட கணியான் கூத்துப் படத்தின் கீழே ‘பறையிசைக்கு ஆடும் நடன மங்கையர்’ என்றிருக்கிறது. அது பறையல்ல, மகுடம். மங்கையருக்கு மீசை மழித்த பச்சை இன்னும் ஆறவில்லை. தங்கள் அச்சிலேயே தெளிவாகத் தெரிகிறது.

குலசேகரன்பட்டினத்துத் தசராவும், எங்கள் வாயில் குலசை தசரா, தங்களுக்கு ஆண்டுதோறும் ‘மாறுவேடத் திருவிழா’. மாலை போட்டு, விரதமிருந்து, கொடியேறியபின் காப்புக் கட்டி, அப்புறம்தான் வேடம். காளி வேடமென்றால் 41 நாள்கூட விரதமிருப்பார்கள். முதுகில் கட்டும் கைகளின் பாரம் இரு தோளிலும் சமமாக இறங்க வேண்டும். இல்லையென்றால் நாலு தெரு போவதற்குள் இடுப்பு ஒடிந்துவிடும். அப்படியே வீடு வீடாகப் போய் வாங்கிய காணிக்கையை முத்தாரம்மன் உண்டியலில் சேர்க்க வேண்டும். சூரசம்காரம் முடிந்து காப்பு அவிழ்க்கும்வரை அவர் காளிதான். பெற்ற தாயும் காலில் விழுந்து திருநீறு வாங்குவாள். இதையெல்லாம் எந்தத் தலைப்பில் ஆராய்வதென்று தங்கள் கட்டுரையாளரே சொல்லட்டும்.

போகட்டும், குலசையைத் திருநெல்வேலி மாவட்டம் என்றே இன்னும் அச்சிடுகிறீர்கள். தூத்துக்குடி தனி மாவட்டமானது 1986இல்.

கட்டுரையாளரை ஒரு கொடைக்கு அனுப்புங்கள் என்று கேட்கவில்லை, செலவு கையைக் கடிக்கும். அந்தப் படக்குறிப்பில் ‘பறை’யை ‘மகுடம்’ என்றும் ‘மங்கையர்’ என்பதை ‘ஆண்கள்’ என்றும் திருத்தி, அடுத்த மலரில் ஒரு வரி போட்டால் போதும்.

– வாசகர், முக்கூடல்